அழிக்க முடியாத சேவ்: 2011ல ஒரு 3டிஎஸ் கேம்ல என்ன நடந்துச்சு

கேம் டப்பாக்குள்ள வர்ற அந்த சின்ன புக்கை யாரும் முழுசா படிக்கறதில்ல. ஆனா 2011 ஜூன் கடைசில அதைப் படிச்ச சிலபேர் கண்ணுல ஒரு வரி மாட்டுச்சு: இந்த சாஃப்ட்வேர்ல சேவ் ஆன டேட்டாவை ரீசெட் பண்ண முடியாது. அதாவது ஆடின வரைக்கும் கேம் பதிவு பண்ணி வைக்கற சேவை அழிச்சுட்டு முதல்ல இருந்து ஆரம்பிக்க முடியாது. அவ்வளவுதான். ஏன் எதுக்குன்னு பக்கத்துல ஒரு விளக்கமும் கிடையாது. பிரிட்டன் புக்லயும் இருந்துச்சு, அமெரிக்க புக்லயும் இருந்துச்சு, அதனால ஏதோ அச்சுப் பிழைன்னு விட முடியல.

கேம் பேரு ரெசிடென்ட் ஈவில்: த மெர்சினரீஸ் 3டி. கேப்காம் கம்பெனி பண்ணது, நின்டென்டோ 3டிஎஸ்ங்கற கையடக்க கேம் மெஷினுக்கு மட்டும் வந்தது. ஜப்பான்ல ஜூன் 2, அமெரிக்கால ஜூன் 28, ஐரோப்பால ஜூலை 1. 3டிஎஸ் மெஷினே அந்த வருஷம் பிப்ரவரி 26 தான் ஜப்பான்ல வந்துச்சு, அமெரிக்கால மார்ச் 27, விலை 250 டாலர், மெஷினை வாங்கி வச்சவங்களுக்கு விளையாட நல்ல கேம் ரொம்ப இல்லாத நேரம் அது, அதனால ஒரு பெரிய பேர் கொண்ட கேம் வருதுன்னதும் நிறைய பேர் கண்ணு அது மேலதான் இருந்துச்சு.

கையில 3டிஎஸ் வச்சு கார்ட்ரிட்ஜ் கேம் (மெஷின்ல செருகற சின்ன சிப் அட்டைல வர்ற கேம்) ஆடினவங்களுக்கு இது தெரிஞ்சிருக்கும்: கார்ட்ரிட்ஜ்ல வாங்கின கேமோட சேவ் அந்த கார்ட்ரிட்ஜ்லயே உக்காந்துக்கும், மெஷின்ல கிடையாது. எஸ்டி கார்டுலயும் கிடையாது. நின்டென்டோவோட ஆன்லைன் கடை ஈஷாப்ல டவுன்லோட் பண்ண கேமுக்குத்தான் எஸ்டி கார்டு. மெஷினோட செட்டிங்ஸ்ல டேட்டா மேனேஜ்மென்ட்னு ஒரு இடம் இருக்கு, அதுல போனா எஸ்டி கார்டுல இருக்கற கேமை அழிக்கலாம், எக்ஸ்ட்ரா டேட்டாவை அழிக்கலாம், ஆனா உள்ள செருகியிருக்கற கார்ட்ரிட்ஜோட சேவை அங்கிருந்து தொடவே முடியாது. மெஷினை முழுசா ஃபார்மட் பண்ணாலும் கார்ட்ரிட்ஜ்ல இருக்கறது அப்படியே இருக்கும். ஆக அந்த சேவை அழிக்கற வேலை முழுக்க முழுக்க அந்த கேமோட பொறுப்பு. கேம் ஒரு வழி குடுத்தா உண்டு, குடுக்கலைன்னா இல்ல. மெர்சினரீஸ் 3டி குடுக்கல.

இதுல இழப்பு என்னன்னு புரியணும்னா அந்த கேம் எப்படி ஓடும்னு கொஞ்சம் சொல்லணும். மெர்சினரீஸ்னா கதை கிடையாது. கடிகாரம் பின்னோக்கி ஓடிக்கிட்டே இருக்கும், நாலா பக்கமும் கூட்டம் வரும், அதுக்குள்ள எத்தனை பேரை சாய்க்கறோம், ஒருத்தனுக்கும் அடுத்தவனுக்கும் நடுவுல இடைவெளி விடாம எவ்வளவு நீளமா காம்போவை இழுக்கறோம், அங்கங்க இருக்கற நேரக் கல்லை உடைச்சு எத்தனை செகண்டை மீட்டுக்கறோம், இதான் ஆட்டமே. முடிஞ்சதும் ஸ்கோர், ரேங்க். நம்ம எடுத்து ஆடற கேரக்டர் எட்டு பேர் இருக்காங்க, கிறிஸ், ஜில், கிளேர், ஹங்க், கிராசர், ரெபெக்கா, பேரி, வெஸ்கர், ஆனா எட்டு பேரும் முதல்லயே கையில கிடைக்க மாட்டாங்க, ஆட ஆடத்தான் ஒவ்வொருத்தரா திறப்பாங்க. ஸ்கில்னு ஒண்ணு இருக்கு, அதையும் ஆட ஆடத்தான் லெவல் ஏத்தணும். குறி பார்த்துக்கிட்டே நடக்கலாம், அந்த சீரிஸ்ல ரொம்ப நாளா ஆளுங்க கேட்டுக்கிட்டிருந்தது அது. உண்மையிலயே கை பழகினா விட முடியாத கேம்.

இப்ப யோசிச்சுப் பாருங்க. கதை கேமா இருந்தா பழைய சேவ் இருந்தாலும் முதல் சாப்டர்ல இருந்து நான் ஆடிக்கறேன்னு விட்டுடலாம். இங்க கேமோட சாப்பாடே ரெண்டு விஷயம்தான், ஒண்ணு பூட்டித் திறக்கறது, இன்னொண்ணு ஸ்கோர் போர்டு. ஒருத்தன் முழுசா ஆடி முடிச்ச கார்ட்ரிட்ஜ் உங்க கைக்கு வந்தா எல்லாம் திறந்து கிடக்கும், ஸ்கில் எல்லாம் உச்சத்துல இருக்கும், ஒவ்வொரு மிஷன் பக்கத்துலயும் அவனோட ஸ்கோர் நிக்கும். நீங்க முதல் தடவை தடுமாறி ஆடி வாங்கற ஸ்கோர் எங்கயும் பதிவே ஆகாது, ஏன்னா அதை விட பெருசா ஒண்ணு ஏற்கனவே அங்க இருக்கு. சேவ் ஸ்லாட்டும் ஒண்ணே ஒண்ணுதான்.

செகண்ட் ஹேண்ட் பிரச்சினைன்னுதான் எல்லாரும் அப்ப பேசினாங்க, எனக்கு அதை விட வீட்டுக்குள்ள இருக்கற பிரச்சினைதான் பெருசா தெரியுது. ஒரே வீட்ல அண்ணன் தம்பி ரெண்டு பேர், புதுசா காசு குடுத்து வாங்கின ஒரே கார்ட்ரிட்ஜ். அண்ணன் லீவுல உக்காந்து முடிச்சுட்டான். தம்பிக்கு என்ன மிச்சம்? அவன் எதையும் திருடல, பழசு வாங்கல, கம்பெனிக்குப் போக வேண்டிய காசு முழுசா போயாச்சு. அவனுக்கு முதல் நாள்னு ஒண்ணே கிடையாது. ஏன், வாங்கினவனே ரெண்டு வருஷம் கழிச்சு எடுத்து முதல்ல இருந்து ஆடணும்னு ஆசைப்பட்டா அவனுக்கும் கிடையாது.

செய்தி வெளிய வந்ததும் ரெண்டு மூணு நாள்லயே பெருசாயிடுச்சு. சில கடைகள் இந்த கேமை பழசா எடுத்துக்க மாட்டோம்னு சொன்னதாவும் பேச்சு வந்துச்சு. கடைக்காரன் பக்கம் நின்னு பார்த்தா அது நியாயம்தான், நாளைக்கு வாங்கிட்டுப் போனவன் திரும்ப வந்து "இதுல வேற யாரோ ஆடியிருக்காங்க, அழிச்சுக் குடுங்க"ன்னு கேட்டா அவன் என்ன பண்ணுவான்.

கேப்காம் பதில் சொன்னாங்க. மிஷன் முன்னேற்றம் எல்லாம் நேரா கார்ட்ரிட்ஜ்ல பதிவாகுது, அதை ரீசெட் பண்ண முடியாது, இந்த கேமே திரும்பத் திரும்ப ஆடி ஸ்கோரை ஏத்தறதுக்காக பண்ணது, பழைய கேம் விற்பனையை மனசுல வச்சு இந்த முடிவை எடுக்கல, இதான் சாரம். அப்புறம் அவங்க அமெரிக்கப் பிரிவுல இருந்து இன்னொரு விளக்கமும் வந்துச்சு, இது ஆர்கேட் (கடைல காசு போட்டு ஆடற மெஷின்) மாதிரி ஆட்டம், அந்தப் பாணிலதான் சேவ் வச்சோம், மறைமுகமா போட்ட பூட்டு இல்ல, இனிமே இப்படி நடக்கும்னு தோணலன்னு.

இந்தப் பதில்ல ஒரு பாதியை நான் ஏத்துக்கறேன். ஆர்கேட் மெஷின்ல ஹை ஸ்கோரை நம்ம அழிக்க முடியாது, உண்மைதான், முன்னாடி ஆடினவன் பேர் மேல நிக்கும், அதைத் தாண்டணும்னு ஒரு வெறி வரும், அது ஒரு அழகு. ஆனா ஆர்கேட் மெஷின் கடைக்காரனோடது. நான் காசு போட்டு மூணு நிமிஷம் ஆடிட்டுப் போறேன். கார்ட்ரிட்ஜ் என்னோடது, 40 டாலர் குடுத்து வாங்கி வீட்டுக்கு எடுத்துட்டு வந்தது. அந்த மெஷின்ல கூட கடைக்காரன் பின் கதவைத் திறந்து ஸ்கோரை ரீசெட் பண்ணிக்குவான், சொந்தக்காரனுக்கு அந்த வசதி இருக்கு. இங்க சொந்தக்காரன் நான், எனக்கு அந்தக் கதவு இல்ல.

"ரீசெட் பண்ண முடியாது"ங்கற வார்த்தையையும் கொஞ்சம் பிரிச்சுப் பார்க்கணும். சிப்பால முடியாதுன்னு அர்த்தம் இல்ல. கார்ட்ரிட்ஜ்ல சேவுக்குன்னு இருக்கற மெமரி எழுதவும் அழிக்கவும் செய்யற மெமரிதான், ஒவ்வொரு மிஷன் முடியும்போதும் பழசு மேல புதுசு எழுதிக்கிட்டேதான் இருக்கு. அதோட புத்தம்புது கார்ட்ரிட்ஜை முதல் தடவை போடும்போது கேம் என்ன பண்ணும்? உள்ள ஒண்ணுமே இல்லன்னு பார்த்து, இடத்தை ஃபார்மட் பண்ணி, எல்லாம் பூட்டின நிலையில ஒரு வெறும் சேவை அதுவே உருவாக்கும். ஆக வெறும் சேவை உருவாக்கற புரோகிராம் கேமுக்குள்ள ஏற்கனவே இருக்கு. அதைத் திரும்ப ஒரு தடவை கூப்பிடறதுக்கு ஒரு மெனுவும், "நிஜமாவா?"ன்னு கேக்கற ஒரு கேள்வியும்தான் வைக்கல. மத்த கேம்ல சாதாரணமா இருக்கற ஒண்ணு அது, இல்லாம விட்டது ஒரு முடிவு. மறந்து போச்சுன்னா புக்ல வரி அச்சடிச்சிருக்க மாட்டாங்க.

இதுக்கு முந்தின காலத்தைப் பார்த்தா இன்னும் நல்லா விளங்கும். நின்டென்டோவோட பழைய கையடக்க மெஷின் கேம் பாய், அதோட கார்ட்ரிட்ஜ்ல சேவ் ஒரு சின்ன பட்டன் பேட்டரியோட தயவுலதான் உயிரோட இருந்துச்சு. 1996ல ஜப்பான்ல வந்த போகெமான் ரெட், கிரீன் எல்லாம் அப்படித்தான், பேட்டரி தீர்ந்தா சேவ் போச்சு, அப்ப எல்லாருக்கும் சேவ் அழிஞ்சுடுமேங்கற பயம்தான். அப்புறம் ஃபிளாஷ் மெமரி வந்துச்சு, பேட்டரி தேவையில்ல, கழட்டறதுக்கு ஒண்ணுமில்ல, சேவ் நிலைச்சு நின்னுடுச்சு. அது பெரிய நிம்மதி. ஆனா அந்த நிம்மதிக்குள்ள இன்னொண்ணும் வந்து உக்காந்துச்சு, கேம் அனுமதிச்சாத்தான் இனி அழியும்ங்கற நிலைமை.

சோனியோட கையடக்க மெஷின் பிஎஸ்பில இந்தப் பேச்சுக்கே இடமில்ல. அதுல கேம் யூஎம்டி டிஸ்க்ல வரும், அது படிக்க மட்டும்தான், எழுத முடியாது, சேவ் எல்லாம் மெமரி ஸ்டிக்ல. மெனுல கேம் பகுதிக்குப் போய் சேவ்டு டேட்டாவைத் திறந்தா ஒவ்வொரு சேவும் படத்தோட வரிசையா நிக்கும், முக்கோண பட்டனை அழுத்தி டிலீட் குடுத்தா முடிஞ்சுது. டிஸ்கை வித்தா டிஸ்க் மட்டும்தான் போகும், நம்ம சேவ் நம்மகிட்ட. அந்த ஒரு விஷயத்துல பிஎஸ்பி எவ்வளவு நேர்மையான மெஷின்னு இப்ப நினைச்சாத்தான் தெரியுது.

அழிக்கறதை எப்படி மரியாதையா வைக்கலாம்ங்கறதுக்கு எனக்குத் தெரிஞ்ச நல்ல உதாரணம் போகெமான்தான். அதுலயும் ஒரே சேவ் ஸ்லாட்தான், அதுலயும் நூத்துக்கணக்கான மணி நேரம் போகும். கேம் பாய் காலத்துல இருந்து 3டிஎஸ்க்கு முந்தின டிஎஸ் காலம் வரைக்கும் டைட்டில் ஸ்கிரீன்ல மேல் அம்புக்குறி, செலக்ட், பி மூணையும் ஒண்ணா அழுத்திப் பிடிச்சா அழிக்கவான்னு கேக்கும். 2013ல 3டிஎஸ்ல போகெமான் எக்ஸ், போகெமான் ஒய் கேம் வந்தப்ப அது மேல் அம்புக்குறி, எக்ஸ், பின்னு மாறிச்சு. மூணு பட்டன் ஏன்னா தூக்கத்துலயோ பாக்கெட்டுக்குள்ளயோ தம்பி கை பட்டோ தற்செயலா அந்த மூணும் ஒண்ணா அழுந்தாது. வேணும்னு வர்றவனுக்கு வழி உண்டு, தெரியாம வர்றவனுக்கு இல்ல. டிஎஸ் போகெமான்ல பழைய சேவ் இருக்கும்போது புது கேம் ஆரம்பிச்சு ஆடலாம், ஆனா அதை சேவ் பண்ண விடாது, முதல்ல பழசை அழிச்சுட்டு வான்னு சொல்லும். யாரோட சேவும் ஒரு அவசரத்துல மேல எழுதப்பட்டுடக் கூடாதுங்கற அக்கறை அதுல இருக்கு.

என்கிட்ட பழசா வாங்கின ஒரு போகெமான் பிளாட்டினம் கார்ட்ரிட்ஜ் இருக்கு. முதல் தடவை போட்டப்ப கன்டினியூ கட்டத்துல யாரோ ஒருத்தரோட பேர், எட்டு பேட்ஜ், 187 மணி நேரம். உடனே அழிக்க மனசு வரல. உள்ள போய்ப் பார்த்தேன். ஒரு போகெமான் சென்டருக்குள்ள, கவுண்டருக்கு நேரா நிக்க வச்சு சேவ் பண்ணியிருந்தாங்க, எல்லாத்துக்கும் வைத்தியம் பார்த்து முடிச்சு வச்ச மாதிரி. டீம்ல முதல்ல டோர்டெராங்கற ஒரு போகெமான், அதுக்கு செல்லப் பேர் வேற வச்சிருந்தாங்க. பாக்ஸ்ல ஒவ்வொண்ணும் ரகம் பிரிச்சு அடுக்கி வச்சிருந்துச்சு, ஒரு குழந்தை தன் பொம்மைகளை அடுக்கி வச்ச மாதிரி. ரெண்டு வாரம் அப்படியே வச்சிருந்தேன். அப்புறம் ஒரு ராத்திரி டைட்டில் ஸ்கிரீன்ல மூணு பட்டனையும் பிடிச்சேன். அழிக்கவான்னு கேட்டுச்சு. ஆமான்னேன். அழிச்சா திரும்ப வராது, நிஜமாவான்னு இன்னொரு தடவை கேட்டுச்சு. அந்த ரெண்டாவது கேள்வில கை கொஞ்சம் நின்னுச்சு, அப்புறம் ஆமான்னேன். அடுத்த நிமிஷம் என் பேரைக் கேட்டுச்சு. அந்த கேம் அன்னைக்குத்தான் என்னோடதா ஆச்சு.

மெர்சினரீஸ் 3டில இல்லாம போனது அந்த நிமிஷம்தான். திறக்கறதுக்கு உள்ளடக்கம் எல்லாம் இருக்கே, எதையும் நாங்க தடுக்கலையேன்னு கேப்காம் சொன்னது எழுத்துப்படி சரி. ஆனா ஆடறவனுக்கு வேண்டியது உள்ளடக்கம் மட்டுமா?

இப்ப அந்தக் கேள்விக்கு வர்றேன், வேணும்னே பண்ணாங்களா? அந்தக் காலத்தோட காத்தைப் பார்த்தா ஆளுங்க சந்தேகப்பட்டதுல ஆச்சரியம் இல்ல. 2010ல இருந்தே பெரிய கம்பெனிகள் பழசு வாங்கறவங்ககிட்ட தனியா காசு கேக்க ஆரம்பிச்சிருந்தாங்க. இஏ (எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ்) கம்பெனி அந்த வருஷம் ஆன்லைன் பாஸ்னு கொண்டு வந்தாங்க, புது டப்பால ஒரு ரகசியக் குறியீடு, ஒருத்தருக்குத்தான் செல்லும், பழசு வாங்கினா ஆன்லைன்ல ஆட தனியா வாங்கணும். கையடக்க மெஷின்லயும் பிஎஸ்பிக்கு வந்த சோகாம் ஃபயர்டீம் பிராவோ 3ல இதே வேலை நடந்துச்சு. அந்த நேரத்துல போய் சேவ் அழியாதுன்னு ஒரு வரி அச்சாகி வந்தா யாருக்குத்தான் சந்தேகம் வராது.

இன்னொரு பழைய கதையும் இருக்கு, அந்த சமயத்துல இதை யாரும் பெருசா எடுத்துப் பேசினதா எனக்கு ஞாபகம் இல்ல. ஜப்பான்ல பழைய கேமை விக்கறது செல்லுமான்னு பெரிய வழக்கு ஓடுச்சு, ஒசாகால பழைய கேம் கடைகள் மேல வழக்குப் போட்ட கம்பெனிகள்ல கேப்காமும் ஒண்ணு. அவங்க வாதம் என்னன்னா கேமும் சட்டப்படி சினிமா மாதிரி ஒரு படைப்பு, சினிமா ரீலை யாருக்குக் குடுக்கறதுன்னு தயாரிச்சவங்க முடிவு பண்ற மாதிரி இதையும் நாங்கதான் முடிவு பண்ணணும்னு. 2002 ஏப்ரல் 25 அன்னைக்கு ஜப்பான் உச்ச நீதிமன்றம் தீர்ப்பு சொல்லிச்சு, சினிமா மாதிரி படைப்புதான், விநியோக உரிமையும் உண்டுதான், ஆனா முதல் தடவை பொதுமக்களுக்கு வித்ததோட அந்த உரிமை தீர்ந்துடுது. கடைகள் ஜெயிச்சாங்க. அமெரிக்கால 1908லயே ஒரு நாவலை என்ன விலைக்கு விக்கலாம்ங்கற வழக்குல உச்ச நீதிமன்றம் இதே திசைலதான் போச்சு.

இந்தப் பழைய வழக்கை வச்சு 2011ல பண்ணது திட்டம் போட்டுப் பண்ணதுன்னு நான் சொல்ல மாட்டேன், அது நியாயமில்ல, அவங்க இல்லன்னு பகிரங்கமா சொல்லியிருக்காங்க, நம்மகிட்ட மாத்துச் சாட்சி எதுவும் கிடையாது. ஆனா நோக்கம் என்னவா இருந்தாலும் விளைவு ஒண்ணுதான். கோர்ட்டு விக்கலாம்னு சொன்ன பொருளை வாங்கறவனுக்கு ருசி குறைஞ்சதா ஆக்கிட்டா, சட்டத்தை மீறாமலே அந்த உரிமையைக் கொஞ்சம் கரைச்ச மாதிரிதான். அதனாலதான் ஒரு மெனு இல்லாததுக்கு இவ்வளவு பேர் கோபப்பட்டாங்கன்னு நான் நினைக்கறேன், அந்தக் கோபம் சரியான இடத்துலதான் விழுந்துச்சு.

அடுத்து வந்த நின்டென்டோ ஸ்விட்ச்ல இந்த வகைப் பிரச்சினையே எழ முடியாது, ஏன்னா 2017ல வந்த அந்த மெஷின்ல சேவ் கேம் கார்டுல போகாது, எஸ்டி கார்டுலயும் போகாது, மெஷினோட உள் மெமரில ஒவ்வொரு யூசருக்கும் தனித்தனியா இருக்கும். சிஸ்டம் செட்டிங்ஸ், டேட்டா மேனேஜ்மென்ட், அங்க சேவ் டேட்டாவை அழிக்கற இடம், கேமைத் தேர்ந்தெடுத்து எந்த யூசரோடதுன்னு காட்டி அழிச்சுடலாம், கேமோட அனுமதி தேவையில்ல. போகெமான் ஸ்வோர்டு, ஷீல்டு வந்தப்ப அந்த மூணு பட்டன் வழியே இல்லாம போயிடுச்சு, அதையும் இங்கதான் அழிக்கணும். கேமை மட்டும் டிலீட் பண்ணா சேவ் போகாது, நிறைய பேர் இதுல குழம்பறாங்க, ரெண்டும் வேற வேற. கிளவுட்ல காப்பி இருந்தா மெஷின்ல அழிச்சாலும் அது அங்க இருக்கும். ஆனா ஸ்வோர்டு, ஷீல்டு, ஸ்பிளாட்டூன் 2 மாதிரி சில கேமுக்கு கிளவுட் பேக்கப் கிடையாது, அதுல அழிச்சா அழிச்சதுதான், ஒண்ணுக்கு ரெண்டு தடவை பேரைப் பார்த்துட்டு அழுத்துங்க.

3டிஎஸ்ல மட்டும் அந்தப் பழைய நிலைமை அப்படியே நிக்குது. ஈஷாப் 2023 மார்ச் 27ல மூடிட்டாங்க, அடுத்த வருஷம் ஏப்ரல்ல ஆன்லைன் ஆட்டமும் நின்னுச்சு, அதனால இப்ப 3டிஎஸ் கேம் வேணும்னா பழைய கார்ட்ரிட்ஜ்தான் ஒரே வழி. கம்பெனியோட சேவ் பேக்கப் வசதியும் டவுன்லோட் கேமுக்குத்தான் இருந்துச்சு, கார்ட்ரிட்ஜுக்குக் கிடையாது. மெஷினை மாட் பண்ணவங்க (கம்பெனி அனுமதிக்காத சாஃப்ட்வேர் ஓடற மாதிரி மாத்தினவங்க) செக்பாயின்ட் மாதிரி டூல் வச்சு கார்ட்ரிட்ஜ் சேவை வெளிய எடுத்து வைக்கறாங்க, வேற சேவை உள்ள எழுதறாங்க, அப்படி ஒரு வழி இருக்கு, ஆனா அது ஆடறவங்க தாங்களே உண்டாக்கிக்கிட்டது, டப்பால வந்தது இல்ல. மெர்சினரீஸ் 3டி பழசு எங்கயாவது கண்ணுல பட்டா விக்கறவர்கிட்ட ஒரே ஒரு போட்டோ கேளுங்க, மிஷன் லிஸ்ட் ஸ்கிரீனோட போட்டோ. எத்தனை மிஷன் பக்கத்துல ஸ்கோர் நிக்குதோ அவ்வளவும் வேற ஒருத்தர் ஏற்கனவே ஆடி முடிச்சது.